கழுவச் சொன்னது நான்தான்

போன வருடம் கார்த்திகை மாதம், ஒரு திங்கட்கிழமை காலை. இடம், நைனார்பாளையத்துக்குப் பக்கத்தில் இருக்கும் எங்கள் வீடு. அன்று என் போனில் குறித்து வைத்ததை முதலில் அப்படியே எழுதிவிடுகிறேன்.

1. காலை 6.40: அண்ணியோடு வயலுக்குப் போன நாய், அண்ணி வந்த பிறகு தனியாகத் திரும்பி வந்தது. வந்ததும் அடிபம்புக்குப் பக்கத்தில் படுத்துக்கொண்டது.
2. 7.10: முதல் வாந்தி. பழுப்பு நிறம், கட்டி கட்டியாக. கழுவியாகிவிட்டது.
3. 7.25: இரண்டாவது வாந்தி. கொஞ்சம் நீர்த்தது. பினாயில் போட்டுக் கழுவியாகிவிட்டது.
4. 7.30: என்ன சாப்பிட்டது என்று விசாரித்தேன். முந்தைய நாள் கோழிக்கறி எலும்பு. விஷம்: இல்லை.
5. 8.05: மூன்றாவது வாந்தி. வெறும் நுரை. சோறு, பால் எதுவும் வைக்கவில்லை.
6. 9.10: பின்னங்கால் நடுக்கம். எச்சில் நிற்கவில்லை.
7. 9.20: வண்டியில் கிளம்பினோம்.
8. 9.45: கால்நடை மருத்துவரிடம் காட்டினோம். ஊசி போட்டார்.
9. 10.50: இறந்துவிட்டது.

எதையும் வரிசை போட்டுக் குறித்து வைப்பது என் பழக்கம். விவசாயப் படிப்பு படித்துவிட்டு, ஒரு தனியார் விதை நிறுவனத்தில் கள அலுவலராக வேலை செய்கிறேன். சின்னசேலம் பக்கம் நாற்பது விவசாயிகளின் மக்காச்சோள வயல்கள் என் பொறுப்பு. எந்த நாளில் உரம், எந்த நாளில் மருந்து, எதைச் செய்யலாம், எதைச் செய்யக் கூடாது என்று எண் போட்டு எழுதி, பிளாஸ்டிக் உறை போட்டு, ஒவ்வொரு மோட்டார் கொட்டகையிலும் தொங்கவிட்டிருக்கிறேன். எங்கள் வயலின் கொட்டகையிலும் ஒன்று தொங்கியது.

எங்கள் வயலைப் பார்த்துக்கொள்வது அண்ணி. அண்ணன் லாரி ஓட்டுகிறார். மாதத்தில் நாலைந்து நாள்தான் வீட்டில் இருப்பார். அம்மா அந்த வாரம் வெள்ளிமலையில் ஒரு விசேஷத்துக்குப் போயிருந்தார். ஆக வீட்டில் நானும் அண்ணியும் நாயும்தான்.

நாயின் பெயர் பாகு. இரண்டு வருடம் முன்பு அண்ணி வெல்லம் காய்ச்சும் கொட்டகைக்குக் கூலி வேலைக்குப் போய்க்கொண்டிருந்தார். கொப்பரையில் பொங்கும் அழுக்கு நுரையை வழித்து வெளியே கொட்டுவார்கள். அதை நக்கியே வளர்ந்த குட்டி அது. சீசன் முடிந்து கொட்டகையை மூடியபோது அண்ணி அதை மடியில் கட்டிக்கொண்டு வந்துவிட்டார். எங்கள் வயலிலிருந்து பார்த்தால் மேற்கே கல்வராயன் மலை தெரியும். சோளம் கதிர் பிடிக்கும் காலத்தில் பன்றிகள் இறங்கி வரும். விடியற்காலை இருட்டு பிரிவதற்குள் ஒரு பெண் தனியாக அந்த வரப்பில் நடப்பது சுலபமில்லை. பாகு வந்த பிறகு அண்ணி யாரையும் துணைக்குக் கூப்பிட்டதில்லை. களை எடுக்கும்போதெல்லாம் அதோடு பேசிக்கொண்டேதான் இருப்பார் என்று பக்கத்து வயல்காரர்கள் கேலி செய்வார்கள்.

இன்னொரு விஷயத்தையும் இங்கே சொல்ல வேண்டும். மக்காச்சோளத்தில் படைப்புழு விழுந்தால், அரிசித் தவிடும் வெல்லமும் கரைத்து ஒருநாள் ஊற வைத்து, பூச்சிமருந்து கலந்து, சிட்டிகை சிட்டிகையாகக் குருத்துக்குள் போடுவது ஒரு முறை. எங்கள் ஊரில் அதைத் தவிட்டு மருந்து என்பார்கள். பூச்சிமருந்தை மட்டும், குருத்தில் போடுவதற்கு அரை மணி நேரம் முன்புதான் கலக்க வேண்டும். பாகு இறந்ததற்கு முந்தைய வருடம் அண்ணி அதை முதல்நாளே வெல்லத்தோடு சேர்த்துக் கலந்துவிட்டார். புழு சாகவில்லை. அடுத்த வாரம் நடந்த விவசாயிகள் கூட்டத்தில், எப்படிச் செய்யக் கூடாது என்பதற்கு உதாரணமாக நான் அதைச் சொன்னேன். "வேற எங்கியும் இல்ல, எங்க வூட்லயே ஒருத்தங்க இப்பிடிப் பண்ணாங்க" என்றேன். எல்லோரும் அண்ணியைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தார்கள். அண்ணியும் சிரித்தார். அதனால் ஒன்றும் தப்பில்லை என்று நினைத்துக்கொண்டேன்.

இனி அந்தத் திங்கட்கிழமை.

நான் தலை வாரிக்கொண்டிருந்தபோது வாசலில் அந்தச் சத்தம் கேட்டது. நாய் வாந்தி எடுப்பதற்கு முன்னால் வயிற்றை எக்கி எக்கி ஒரு சத்தம் போடுமே, அதுதான். போய்ப் பார்த்தேன். பெரிதாக ஒன்றும் பயப்படவில்லை. நாய் வாந்தியைப் பற்றி நான் ஏற்கெனவே படித்துக் குறித்து வைத்திருந்தேன். மஞ்சளாக வந்தால் வெறும் வயிறு. தின்ற உடனே வயிறு எக்காமல் முழுசாக வெளியே வந்தால் அது வாந்தியே இல்லை, அவசரமாக விழுங்கியது. ஒன்றிரண்டு தடவை எடுத்துவிட்டுச் சுறுசுறுப்பாக இருந்தால் சில மணி நேரம் சோறு வைக்காமல் விட்டால் போதும். ரத்தம் இருந்தால் உடனே டாக்டர். இதெல்லாம் சரியான குறிப்புகள். இன்றைக்கும் அதில் தவறு சொல்ல முடியாது.

அண்ணி விளக்குமாற்றைக் கையில் வைத்துக்கொண்டு குனிந்து பார்த்துக்கொண்டே நின்றார்.

"பாப்பா, இதுல தவிடு மாரி கீது பாரேன்."

"நாயி தவிடு தின்னுமா அண்ணி? நேத்து கோழி எலும்பப் போட்டிங்களே, அதான். கழுவி வுடுங்க, ஈ மொய்க்குது."

"இல்ல பாப்பா, வாசன கூட ஒரு மாரி..."

"வாந்தின்னா பின்ன மல்லிப்பூ வாசனயா வரும்? எனக்கு டைம் ஆவுது அண்ணி."

அண்ணி தண்ணீர் ஊற்றினார். இரண்டாவது தடவை வந்தபோதும் "தவிடுதான் பாப்பா" என்று மெதுவாகச் சொன்னார். பினாயில் பாட்டிலை எடுத்து வந்து நானே ஊற்றினேன். வாசல் சுத்தமாக இருந்தால் எனக்குத் தலை தெளிவாக இருக்கும்.

எதிர்வீட்டுப் பெரியப்பா பல்குச்சியோடு வந்து எட்டிப் பார்த்தார்.

"இன்னாம்மா, ஆபீசரு வூட்டு நாய்க்கே வாந்தியா? ஒண்ணும் இல்ல, புல்ல தின்னுட்டுக் கக்குது. மத்தியானம் மழதான் போ."

கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டு, "உப்பத் தண்ணில கரச்சி வாயில ஊத்து, உள்ள இருக்கறது மொத்தமும் வந்துடும்" என்று அவரே ஒரு சொம்பைத் தேடினார். உப்புத் தண்ணீரே நாய்க்கு ஆபத்து, புரையேறினால் நுரையீரலுக்குப் போய்விடும் என்று சொல்லித் தடுத்தேன். அன்று காலை நான் செய்த ஒரே சரியான காரியம் அது.

பிறகு அண்ணியைக் கூப்பிட்டு விசாரித்தேன். விசாரித்தேன் என்ற சொல்தான் பொருத்தம். போனைக் கையில் வைத்துக்கொண்டு, குறிப்பு எழுதத் தயாராக நின்றேன்.

"வயல்ல எதாச்சும் மருந்து வெச்சிங்களா அண்ணி? ஆமாவா இல்லியா, ஒரே வார்த்தைல சொல்லுங்க."

அண்ணி நாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இல்ல. சாயங்காலந்தான் வெக்கணும்னு நீதான எழுதி மாட்டி வெச்சிக்கீற. காலைல போயி எப்பிடி வெப்பேன்?"

அந்தப் பதில் எனக்குப் பிடித்திருந்தது. என் தாளை அவர் படித்திருக்கிறார் என்பதில் ஒரு திருப்தி. "விஷம்: இல்லை" என்று எழுதி முடித்தேன்.

அதற்குப் பிறகு ஒன்றரை மணி நேரத்துக்கு மேல், என் குறிப்பு சொன்னபடி சோறு வைக்காமல் காத்திருந்தேன். அலுவலகத்துக்குத் தாமதமாக வருகிறேன் என்று செய்தி அனுப்பினேன். பாகு எழுந்து நடக்கப் பார்த்தது. பின்னங்கால்கள் கேட்கவில்லை. வாயிலிருந்து எச்சில் நூல் நூலாக ஒழுகி மண்ணைத் தொட்டது. தொடையில் தோலுக்குக் கீழே ஏதோ ஓடுவது மாதிரித் துடித்துக்கொண்டே இருந்தது. அப்போதுதான் கோழி எலும்பு இல்லை என்று எனக்குத் தோன்றியது. உரச்சாக்கில் அதைப் படுக்க வைத்து, அண்ணி மடியில் ஏந்திக்கொண்டு பின்னால் உட்கார, நான் வண்டியை எடுத்தேன்.

மருத்துவர் நிதானமானவர். சாக்கைப் பிரித்ததுமே அதன் இமையை விலக்கிப் பார்த்தார்.

"கண்ணுமணி பாருங்க, ஊசிமுன மாதிரி சுருங்கிப்போச்சு. இவ்ளோ எச்சில், இந்த நடுக்கம். இது கறி ஒத்துக்காத வாந்தி இல்லம்மா. தோட்டத்துல மருந்து எதாவது வெச்சிங்களா?"

"இல்ல சார். நான் விசாரிச்சிட்டேன்" என்றேன். போனை எடுத்துக் குறிப்பைக் காட்டவும் போனேன்.

எனக்குப் பின்னால் நின்ற அண்ணி என்னைப் பார்க்காமல் அவரிடம் சொன்னார்.

"வெச்சேன் சார். தவிட்டு மருந்து. காலைல பாதி வெச்சேன், மீதி அன்னக்கூடைல இருந்துது. சாக்கு போட்டு மூடி மேல கல்லு வெச்சிட்டுதான் வந்தேன்."

மருத்துவர் அதற்குள் ஊசி மருந்தை ஏற்றத் தொடங்கிவிட்டார். எந்த மருந்து என்று கேட்டார். பெயரை நான்தான் சொன்னேன். வாங்கிக் கொடுத்ததே நான்தான். ஊசி போட்டுக்கொண்டே, "வாந்தி எடுத்தத கொஞ்சம் எடுத்தாந்திங்களா? போட்டோவாச்சும்?" என்றார்.

"கழுவிட்டோம் சார்."

"எல்லாரும் அதத்தான் செய்யறாங்க. வாந்தியப் பாத்ததும் வெளக்குமாத்தத் தேடறோம். அது வாயத் தொறந்து சொல்ல முடியாதத தரையில கக்கி வெக்குது. நாம அத மொதல்ல கழுவிடறோம்."

திட்டவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னார். ஏழு மணிக்கே கொண்டு வந்திருந்தால் என்று நான் கேட்டதற்கு, அப்போது நல்ல வாய்ப்பு இருந்திருக்கும் என்றார். அரை மணி நேரம் கழித்து இன்னொரு ஊசி போட்டார். பாகுவின் மூச்சு அடைத்து அடைத்து வந்தது. அண்ணி அதன் காதுக்குப் பக்கத்தில் வாயை வைத்து ஏதோ சொல்லிக்கொண்டே இருந்தார். என்ன சொன்னார் என்று எனக்குக் கேட்கவில்லை. பத்து ஐம்பதுக்கு மூச்சு நின்றது. நான் நேரம் பார்த்தேன். பார்த்ததற்கு அந்த நிமிடமே வெட்கப்பட்டேன்.

அன்று அந்த மருத்துவர் சொன்னதையும், பிறகு நான் கேட்டுத் தெரிந்துகொண்டதையும் நாய் வளர்க்கிறவர்களுக்காகச் சொல்கிறேன். நாய் வாந்தி எடுத்தால் கழுவுவதற்கு முன்னால் குனிந்து பாருங்கள். நிறம் என்ன, உள்ளே என்ன இருக்கிறது, என்ன வாசனை. ஒரு போட்டோ எடுங்கள். கையில் கவரை மாட்டிக்கொண்டு கொஞ்சம் அள்ளி டப்பாவில் வையுங்கள். எத்தனை தடவை எடுத்தது என்பது எவ்வளவு முக்கியமோ, அதற்கு நடுவில் நாய் எப்படி இருக்கிறது என்பதும் அவ்வளவு முக்கியம். எச்சில், நடுக்கம், தள்ளாட்டம், வயிறு உப்பியிருப்பது, வாந்தி வராமலே எக்கிக்கொண்டிருப்பது, இதில் ஏதாவது ஒன்று இருந்தாலும் காத்திருக்க வேண்டாம். உப்பு, எண்ணெய் எதையும் வாயில் ஊற்றாதீர்கள். நம் வீட்டு வாந்தி மாத்திரையை உடைத்துக் கொடுக்காதீர்கள். வீட்டிலோ வயலிலோ விஷம் இருந்திருக்கலாம் என்ற சந்தேகம் வந்தாலே போதும், மருந்துப் பாக்கெட்டையும் எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுங்கள்.

இவ்வளவும் குறிப்பாக எழுத எனக்குச் சுலபமாக வருகிறது. மீதியைச் சொல்வதுதான் கஷ்டம்.

மத்தியானம் வயலில் புதைத்தோம். மழை வரவில்லை. மோட்டார் கொட்டகையில் அந்த அலுமினிய அன்னக்கூடை கிடந்தது. கல் உருண்டு ஓரத்தில் இருந்தது. சாக்கு விலகி, ஒரு பக்கம் மட்டும் அலுமினியம் பளிச்சென்று தெரிந்தது. அவ்வளவு சுத்தமாக நக்கியிருந்தது. மேலே என் தாள் தொங்கியது. ஆறாவது எண்ணில், "மருந்து வைக்கும் நாளில் ஆடு, மாடு, கோழிகளைக் கட்டி வைக்கவும்" என்று எழுதியிருந்தேன். வெளியே பார்த்தேன். ஆடுகள் கயிற்றில் இருந்தன. கோழிகள் கூடைக்குள் இருந்தன. தாளில் இருந்ததை அண்ணி எழுத்துக்கு எழுத்து செய்திருந்தார். தவிடு தின்கிற பிராணிகளை நினைத்து நான் எழுதினேன். நாய் என் நினைவில் வரவில்லை. வெல்லம் என்றால் உயிரை விடும் ஒரு நாய் எங்கள் வீட்டிலேயே இருந்தும் வரவில்லை.

காலையில் ஏன் வைத்தார் என்பதும் அப்போதுதான் தெரிந்தது. ஞாயிறு சாயங்காலம் வைக்க வேண்டியது. அன்று நான் என் அலுவலகத் தோழிகள் இருவரைச் சாப்பிடக் கூப்பிட்டிருந்தேன். கோழி அடித்துக் குழம்பு வைத்துப் பாத்திரம் கழுவி முடிப்பதற்குள் இருட்டிவிட்டது. ஊறிய தவிடு வீணாகிவிடும் என்று விடியலில் பாதி வைத்துவிட்டு, மீதியைச் சாயங்காலத்துக்கு வைத்திருக்கிறார்.

"ஏன் அண்ணி காலைல எங்கிட்ட இல்லன்னு சொன்னிங்க?" என்று கேட்டேன். அப்போதும் என் குரலில் அந்த விசாரணைத் தொனி இருந்தது என்று நினைக்கிறேன்.

அண்ணி மண்வெட்டியைக் கழுவிக்கொண்டிருந்தார். நிமிரவில்லை.

"சொல்லியிருந்தா நீ மீட்டிங்ல சொல்லுவ."

மண்வெட்டியைக் கொட்டகையில் சாத்திவிட்டு, "தவிடுன்னு ரெண்டு தபா சொன்னேன் பாப்பா. அதுக்கு மேல எனுக்கு தைரியம் வர்ல" என்றார்.

அவர் பொய் சொன்னார் என்று அதுவரை உள்ளுக்குள் ஒரு கோபம் வைத்திருந்தேன். அதை வைத்துக்கொள்ளவும் இடம் இல்லாமல் போனது. மருந்து வைத்ததை மறைத்தவர் அவர்தான். ஆனால் ஏழு பத்துக்கே அவர் உண்மையைச் சொல்லத் தொடங்கிவிட்டார். அதை மல்லிப்பூ என்று கிண்டல் செய்து வாயடைத்தது நான். ஒரு வார்த்தைதான் சொல்ல வேண்டும் என்று அளந்து கொடுத்ததும் நான். அவருக்கு இருந்த துணை ஒன்றே ஒன்று. அதைக் காப்பாற்றுவதற்குக்கூட என்னிடம் வாயைத் திறக்க முடியாத அளவுக்கு அவர் என்னைப் பார்த்துப் பயந்திருக்கிறார். அந்தப் பயம் ஒரு நாளில் வந்ததாக இருக்காது.

நாற்பது கொட்டகைகளிலும் தாளை மாற்றினேன். ஆறாவது எண்ணில் நாய், பூனை சேர்த்தேன். மீதி மருந்தைக் கொட்டகையில் வைக்காமல் அன்றே குழியில் புதைக்க வேண்டும் என்று தடித்த எழுத்தில் போட்டேன். அலுவலகத்தில் மேலதிகாரி இதைக் கேள்விப்பட்டு எல்லோருக்கும் முன்னால் பாராட்டினார். கைதட்டினார்கள். தாளில் நாயை விட்டது என் தவறு என்று அங்கே சொன்னேன். அது வரைக்கும்தான் சொன்னேன். அண்ணி இரண்டு முறை சொன்னதையும் நான் கழுவச் சொன்னதையும் அங்கே சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அண்ணிக்கு வராத தைரியம் எனக்கும் வரவில்லை என்று வைத்துக்கொள்ளலாம். ஆனால் அவர் பயந்தது என்னைப் பார்த்து. நான் பயந்தது என் பெயர் கெட்டுவிடும் என்று. இரண்டும் ஒன்றாகாது.

மன்னிப்புக் கேட்டேன். அதையும் சரியாகச் செய்தேனா என்று தெரியவில்லை. "வுடு பாப்பா, நாய்தான" என்றார். நாய்தானே என்று அவர் நினைக்கவில்லை என்பது எனக்குத் தெரியும். நான் பேச்சை நிறுத்த வேண்டும் என்பதற்காகச் சொன்னார். அதன் பிறகு ஒருமுறை பக்கத்து ஊரில் நல்ல குட்டி இருக்கிறது, எடுத்து வரட்டுமா என்று கேட்டேன். உனக்கு வேண்டுமானால் வளர்த்துக்கொள் என்றார்.

இது நடந்து ஒரு வருடம் ஆகப் போகிறது. அண்ணி விடியற்காலையில் தனியாகத்தான் வயலுக்குப் போகிறார். என்னோடு சண்டை எதுவும் இல்லை. சாப்பாடு கட்டிக் கொடுக்கிறார், கேட்டால் பதில் சொல்கிறார், டிவி பார்க்கும்போது சிரிக்கிறார். வெளியிலிருந்து பார்ப்பவர்களுக்கு எந்த வித்தியாசமும் தெரியாது. எனக்கும் போன மாதம்வரை சரியாகத் தெரியவில்லை. அவருக்கு மூன்று நாளாகக் காய்ச்சல். அந்த மூன்று நாளும் காலையில் அவர் கட்டிக் கொடுத்த சோற்றை எடுத்துக்கொண்டுதான் நான் வேலைக்குப் போனேன். நான்காம் நாள் எதிர்வீட்டுப் பெரியப்பா, "இன்னாம்மா, உங்க அண்ணிக்கு ஒடம்பு தேவலையா?" என்று கேட்டபோதுதான் எனக்குத் தெரிந்தது. ஒரே வீட்டில் இருக்கிறோம், அண்ணி இப்போது எதையும் என்னிடம் தானாகச் சொல்வதில்லை.